‘அவுட்டர் வைல்ட்ஸ்’: முடிவைச் சொல்லாமல் எழுதலாமே

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

கோடை விடுமுறை வந்தால் வீடியோ கேம் பற்றி இரண்டே வகைக் கட்டுரைகள்தான் வருகின்றன. ஒன்று, பிள்ளைகள் கெட்டுப்போகிறார்கள் என்பது. மற்றது, ஒரு கேமின் கதையை ஆதியோடந்தமாக ஒப்பித்துவிட்டு மதிப்பெண் போடுவது. உங்கள் இணைப்பிதழில் வந்த விண்வெளி சாகச கேம்கள் பற்றிய கட்டுரை இரண்டாம் வகை. ‘அவுட்டர் வைல்ட்ஸ்’ கேமின் கடைசிக் காட்சியே அதில் அச்சாகிவிட்டது. வேறு கேமாக இருந்தால் பரவாயில்லை என்று விட்டுவிடலாம். இதில் அப்படி விட முடியாது.

இந்த கேமில் ஆயுதம் கிடையாது, காசு கிடையாது, லெவல் ஏறுவது கிடையாது. செத்தால் எல்லாம் முதலிலிருந்து தொடங்கும். நீங்கள் தெரிந்துகொண்டது மட்டும்தான் மிஞ்சும். பூட்டிய கதவுக்குச் சாவி எங்கோ ஒளிந்திருக்காது. அது எப்படித் திறக்கும் என்று தெரிந்தால் போதும், திறந்துவிடும். சொல்லப்போனால் முதல் அரை மணி நேரத்திலேயே கேமை முடித்துவிடுவதற்கு எந்தத் தடையும் இல்லை, வழி தெரியாதது ஒன்றைத் தவிர. ஆகவே விடையைப் படித்துவிட்டவருக்கு விளையாட மிச்சம் ஒன்றுமில்லை. படித்ததை மறக்கவும் முடியாது. யூடியூபில் முழு ஆட்டத்தையும் பார்த்துவிட்டு அப்புறம் வாங்குகிறவர்களுக்கும் இதே கதிதான்.

வெளியில் சொல்லக்கூடிய கதை இவ்வளவுதான்: டிம்பர் ஹார்த் என்ற சின்னக் கோள். நான்கு கண் கொண்ட மக்கள் மரத்தையும் தகரத்தையும் சேர்த்து ஒட்டுப்போட்டு விண்கலம் செய்கிறார்கள். அவர்களுடைய விண்வெளிக் குழுவில் புதிதாகச் சேர்ந்தவர் நீங்கள். நெருப்பருகே கண் விழிக்கிறீர்கள். அன்றுதான் முதல் பயணம். பல காலத்துக்கு முன்பே அழிந்துபோன நோமாய் என்ற இனத்தார் எழுதி வைத்ததைப் படிக்க ஒரு மொழிபெயர்ப்புக் கருவி கையில் இருக்கிறது. கிளம்பி 22 நிமிடம் ஆனதும் சூரியன் வெடிக்கிறது. மறுபடி அதே நெருப்பருகே கண் விழிக்கிறீர்கள். ஏன் இப்படி என்பதுதான் முழுக் கதையும்.

2019 மே மாதம் வெளியானது. அலெக்ஸ் பீச்சம் தெற்கு கலிபோர்னியா பல்கலைக்கழகத்தில் படித்தபோது ஆய்வுத் திட்டமாகத் தொடங்கியது. பிறகு மொபியஸ் டிஜிட்டல் நிறுவனத்தில் முழு கேமாக வளர்ந்தது. உள்ளே நாம் படிக்கும் எழுத்துகளை எழுதியவர் அவருடைய சகோதரி கெல்சி பீச்சம். 2020-இல் சிறந்த கேமுக்கான பிரிட்டனின் பாஃப்டா விருது இதற்குத்தான்.

இவ்வளவு புகழ் இருந்தும் முதல் இரண்டு மணி நேரத்தில் கைவிடுகிறவர்கள் நிறைய. காரணம் கதையில் இல்லை, விண்கலம் ஓட்டுவதில் இருக்கிறது. உங்கள் கட்டுரை எழுதியிருக்க வேண்டியது இதைத்தான்.

விண்கலத்துக்கு பிரேக் என்று ஒன்று கிடையாது. கொடுத்த வேகம் அப்படியே நிற்கும்; குறைக்க வேண்டுமானால் எதிர்ப்பக்கம் உந்த வேண்டும். புதியவர்கள் கோளைப் பார்த்ததும் முழு வேகத்தில் பாய்ந்து, கடைசி நொடியில் திருப்பப் பார்த்து, தரையில் சிதறுகிறார்கள். முறை இது: போக வேண்டிய கோளைக் குறிவைத்துப் பூட்டுங்கள். தூரமும் அதனோடு ஒப்பிட்ட வேகமும் திரையில் தெரியும். பாதித் தூரம் வரை வேகம் கூட்டலாம், மறுபாதி முழுக்கக் குறைக்க வேண்டும். நெருங்கியதும் ‘வேகத்தைச் சமன்செய்’ பொத்தானை அழுத்திப் பிடித்தால் கலம் கோளோடு சேர்ந்தே நகரும். அதன் பிறகு தரையிறங்கும் கேமராவைத் திறந்து, கீழ்நோக்கிப் பார்த்தபடி சிறுகச் சிறுக இறக்குங்கள்.

தரையிறக்குவது தவிர இதையெல்லாம் ஆட்டோபைலட் தானே செய்யும். ஆனால் அதற்குக் கண் கிடையாது. நேர்கோட்டில் போகும்; நடுவில் சூரியன் இருந்தால் சூரியனுக்குள்ளேயே போகும். இந்த கேமில் ஆட்டோபைலட்டை நம்பி எரிந்துபோகாதவர் அநேகமாக இல்லை. கோள்கள் ஏறக்குறைய ஒரே தளத்தில் சுற்றுவதால், முதலில் அந்தத் தளத்துக்கு மேலே நன்றாக உயர்ந்து, போகிற கோளுக்கும் உங்களுக்கும் இடையில் சூரியன் இல்லை என்று பார்த்துக்கொண்டு, பிறகு ஆட்டோபைலட்டைப் போடுங்கள்.

கலம் மோதினால் எந்தப் பாகம் அடிபட்டது என்று திரை காட்டும். அணு உலை என்று வந்தால் வேறு எதையும் பார்க்க வேண்டாம், முதலில் அதைச் சரிசெய்யுங்கள்; விட்டால் சற்று நேரத்தில் கலமே வெடிக்கும். அடுத்து எரிபொருள், ஆக்சிஜன் தொட்டிகளின் கசிவு. மற்றவை காத்திருக்கலாம். கதவைத் திறக்கும் முன் விண்வெளி உடையைப் போட்டாயிற்றா என்று பாருங்கள். இது சிரிப்பாகத் தெரியலாம். இதனால் சாகிறவர்கள் உண்டு. உடையின் ஜெட் எரிபொருள் தீர்ந்தால் அது ஆக்சிஜனை எடுத்து உந்தத் தொடங்கும் என்பதும் நினைவிருக்கட்டும். மரங்கள் உள்ள இடத்துக்குப் போனால் ஆக்சிஜன் தானாக நிரம்பும்.

கிராமத்தை விட்டு ஓடக் கூடாது. ஏவுதலுக்கான குறியீட்டு எண் வாங்க அருங்காட்சியகத்துக்குப் போகிற வழியில், ரிமோட்டில் பறக்கும் குட்டி விண்கலம் ஒன்றும், எடையில்லாமல் மிதந்து பழுதுபார்க்கும் குகை ஒன்றும் இருக்கின்றன. இரண்டையும் செய்துவிட்டுப் போனால் மேலே சொன்ன பாதித் தொல்லை வராது. அருங்காட்சியகத்தில் வைத்திருப்பவை அலங்காரத்துக்கு அல்ல. அங்கே ஒவ்வொரு பலகையும் பின்னால் ஒரு கோளில் உதவும்.

எங்கே முதலில் போவது என்று கேம் சொல்லாது. எங்கும் போகலாம். ஆனால் நேரம் பார்த்துப் போக வேண்டிய இடம் ஒன்று உண்டு. ஆஷ் ட்வின், எம்பர் ட்வின் என்று இரட்டைக் கோள்கள் ஒன்றையொன்று சுற்றுகின்றன. முதலாவதிலிருந்து மணல் தூணாக எழும்பி இரண்டாவதன் மேல் கொட்டுகிறது. ஆகவே எம்பர் ட்வினின் குகைகளை அந்த 22 நிமிடச் சுற்றின் முதல் பாதியில் பார்த்துவிட வேண்டும். தாமதித்தால் மணல் உயர்ந்து கூரையோடு சேர்த்து நசுக்கிவிடும். ஆஷ் ட்வினுக்கு நேர்மாறு. அங்கே மணல் இறங்க இறங்கத்தான் புதைந்தவை வெளியே வரும். பிரிட்டில் ஹாலோ என்ற கோளில் தரை கொஞ்சம் கொஞ்சமாக உடைந்து நடுவிலுள்ள கருந்துளைக்குள் விழும். நீங்களும் விழுவீர்கள். பதற வேண்டாம், சாக மாட்டீர்கள். எங்கே போய்ச் சேர்கிறீர்கள் என்று சுற்றிப் பாருங்கள். மற்ற கோள்களைப் பற்றிச் சொன்னால் நானும் உங்கள் கட்டுரையாளர் செய்ததையே செய்தவனாவேன்.

சிக்கிக்கொண்டால் இணையத்தில் தேடும் முன் கலத்தின் பின்பக்கத்தில் இருக்கும் கணினியைத் திறங்கள். கண்டறிந்த ஒவ்வொன்றும் அட்டையாகவும், ஒன்றுக்கொன்று உள்ள தொடர்பு கோடாகவும் அங்கே பதிவாகியிருக்கும். இன்னும் பார்க்க வேண்டியது பாக்கி இருக்கும் இடத்தை அதுவே குறித்துக் காட்டும். நடுவில் கேமை மூடினால் அந்தச் சுற்று போய்விடும், மறுபடி நெருப்பருகேதான் விழிப்பீர்கள். ஆனால் இந்தப் பதிவு அப்படியே இருக்கும். மொத்தம் 15 முதல் 20 மணி நேர ஆட்டம் என்பதால், மாலையில் இரண்டு மூன்று சுற்று என்று வைத்துக்கொண்டால் போதும்.

தமிழ் வாசகர்களுக்கு உண்மையான தடை ஆங்கிலம். குரல் இல்லை, எல்லாமே எழுத்து. தமிழ் மொழிபெயர்ப்பும் இல்லை. நோமாய் எழுத்து சுவரில் சுருள் சுருளாக இருக்கும். ஒருவர் எழுதிய சுருளின் முதுகிலிருந்து மற்றவரின் பதில் கிளையாகப் பிரியும். அந்தப் பதிலிலிருந்து இன்னொன்று. அடிச்சுருளில் தொடங்கிக் கிளை கிளையாகப் போனால்தான் யார் யாருக்குப் பதில் சொல்கிறார் என்பது பிடிபடும். பெரியவர்கள் இருவர் கட்டடம் கட்டுவது பற்றிச் சண்டை போட்டுக்கொண்டிருப்பார்கள். ஓரத்துச் சுருளில் ஒரு குழந்தை விளையாட்டுப் பேச்சு பேசியிருக்கும். அந்தப் பேச்சில்கூட ஒரு கோளுக்கான துப்பு இருக்கலாம். ஒருவர் ஓட்ட, ஒருவர் படித்துத் தமிழில் சொல்ல என்று இரண்டு பேராக உட்கார்வது நல்லது. படிக்கும்போது கடிகாரத்தை நிறுத்தி வைக்கும் வசதி அமைப்புகளில் இருக்கிறது, கட்டாயம் போட்டுக்கொள்ளுங்கள்.

கணினி பற்றி. குறைந்தபட்சத் தேவை இன்டெல் கோர் ஐ5-2300, 6 ஜிபி ராம், 2 ஜிபி ஜிடிஎக்ஸ் 660 கிராபிக்ஸ் கார்டு, 8 ஜிபி இடம். அரசு கொடுத்த பழைய இலவச லேப்டாப்பில் ஓடாது, முயற்சிக்க வேண்டாம். தேவையான கணினி இருந்தாலும் வேலூர் கத்திரி வெயிலில் வேறொரு தொல்லை உண்டு. இந்த கேமில் நீங்கள் பார்க்காத கோள்களும் சூரியனை நிஜமாகவே சுற்றிக்கொண்டிருக்கின்றன. அதனால் பிராசசருக்கு ஓய்வில்லை. வெளியே 40 டிகிரி இருக்கும் மதியத்தில் மெத்தை மேல் லேப்டாப்பை வைத்து ஆடினால் அது சூடேறித் தன் வேகத்தைத் தானே குறைத்துக்கொள்ளும். கலம் தட்டுத்தடுமாறிப் போகும். கீழே காற்று போகும்படி உயர்த்தி வைத்து, நொடிக்கு 60 பிரேமுக்கு மேல் போகாதபடி கட்டுப்படுத்திவிட்டு, இரவில் ஆடுங்கள். கீபோர்டை விட கேம்பேட் நல்லது. லேசாக உந்துவதும் பலமாக உந்துவதும் கீபோர்டில் ஒன்றுதான்.

இதில் அறிவியல் எவ்வளவு என்று கேட்பார்கள். உந்துவிசையும் நிலைமமும் சரி. சூரியன் வெடிப்பது கற்பனை. நம் சூரியன் இன்னும் சுமார் 500 கோடி ஆண்டில் செம்பூதமாக உப்பி, கடைசியில் வெண்குள்ளனாகச் சுருங்கும். சூப்பர்நோவாவாக வெடிக்க அதைப்போல் 8 மடங்கு நிறையாவது வேண்டும். ஆனால் கண்டுபிடிக்கும் விதத்தை கேம் நேர்மையாகக் காட்டுகிறது. இதற்கு ஓர் உதாரணம், வானாய்வகம் உள்ள காவலூர். அது இன்று திருப்பத்தூர் மாவட்டம் என்றாலும் பழைய வட ஆற்காட்டுக்காரர்களுக்கு அது நம்ம ஊர்தான். 1977 மார்ச் 10 அன்று யுரேனஸ் ஒரு விண்மீனுக்கு முன்னால் கடந்தபோது, அந்த விண்மீனின் ஒளி எதிர்பாராத நேரத்தில் மங்கியதைப் பதிவு செய்த இடங்களில் காவலூரும் ஒன்று. யுரேனஸுக்கு வளையம் உண்டு என்று தெரிந்தது அப்படித்தான். வழக்கத்துக்கு மாறான ஒரு சின்ன மங்கலை ‘இது ஏன்’ என்று கேட்கத் தெரிந்தவர்கள் இந்த கேமை யார் உதவியும் இல்லாமல் முடிப்பார்கள். ஒவ்வொரு முறை கண் விழித்ததும் வானத்தில் முதலில் தெரிவது என்ன, அது போன தடவை போலவே இருக்கிறதா என்று பார்க்கச் சொல்லுங்கள். துப்பு என்று நான் கொடுப்பது இது ஒன்றுதான்.

வாங்குகிறவர்களுக்கு ஓர் எச்சரிக்கை: அதே 2019-இல் ‘தி அவுட்டர் வேர்ல்ட்ஸ்’ என்று வேறொரு கேம் வந்தது. அது துப்பாக்கிச் சண்டை உள்ளது. பெயரைச் சரிபார்த்து வாங்குங்கள். ‘எக்கோஸ் ஆஃப் தி ஐ’ என்ற கூடுதல் பகுதி 2021-இல் வந்தது. அதைத் தனியாக வாங்க வேண்டும். முதல் முறை ஆடுபவர்கள் மூலக் கதையில் பெரும்பகுதி முடித்த பிறகு அதைத் தொடுவது நல்லது. இருட்டும் துரத்தலும் உள்ள பகுதி அது. சிறுவர்கள் ஆடுவதாக இருந்தால் பயத்தைக் குறைக்கும் அமைப்பு ஒன்று அதில் உண்டு, அதைப் போட்டுவிட்டு உட்காரச் சொல்லுங்கள்.

– வாசகர், சத்துவாச்சாரி, வேலூர்-9