அந்தப் பாட்டுக்கு முன்னாடி மூணு பாட்டு இருக்கு

ஆசிரியருக்கு வணக்கம்,

போன இதழ்ல வந்த மூட் மாத்துற பாட்டு லிஸ்ட்ல 'மிஸ்டர் ப்ளூ ஸ்கை' பாத்ததும் செம சந்தோஷம், ஆனா 'கார்டியன்ஸ் ஆஃப் த கேலக்ஸி 2' பாட்டுன்னு ஒரே வரியில முடிச்சிட்டீங்களே சார். படம் 2017, பாட்டு 1977. படத்துல குரூட்ங்கிற குட்டி மர உருவம் ஆடுற அந்த சீன் எனக்கும் புடிக்கும்தான், அது வேற.

இந்தப் பாட்டப் போட்ட பிரிட்டிஷ் ராக் குழு எலெக்ட்ரிக் லைட் ஆர்கெஸ்ட்ராவோட பாடகர் ஜெஃப் லின், பாட்டு எழுதணும்னு சுவிட்சர்லாந்து மலையில ஒரு வீடு எடுத்துத் தங்குனாராம், ரெண்டு வாரம் ஒரே மழையும் மூட்டமும், ஒண்ணும் வரல, அப்புறம் ஒரு நாள் வெயில் அடிச்சதும் அடுத்த ரெண்டு வாரத்துல 14 பாட்டு எழுதிட்டேன்னு அவரே சொல்லியிருக்காரு. அதெல்லாம் வந்த ரெட்டை எல்பியோட (ரெண்டு இசைத்தட்டு, நாலு பக்கம்) மூணாவது பக்கம் முழுக்க மழைக்காகவே 4 பாட்டு, இடிச் சத்தத்தோட ஆரம்பிக்கும், நடுவுல ஒரு அழுமூஞ்சிப் பாட்டு கூட உண்டு, நாலாவதா தான் இது வரும். மூணையும் நனைஞ்சுகிட்டே கேட்டுட்டு அந்த பியானோ டங்கு டங்குன்னு எறங்குறப்ப இருக்கே, அத தனியா போட்டுக் கேட்டா பாதி தான் கிடைக்கும், இது என் கருத்து.

பாட்டுல வர்ற அந்த மணி மாதிரி சத்தம் மணி இல்ல, ட்ரம்மர் பெவ் பெவன் தீயணைப்பு சிலிண்டரத் தட்டுனது! பீட்டில்ஸ் வாடை அடிக்குதுன்னு சிலர் சொல்வாங்க, அடிக்கட்டுமே, நல்ல வாடை தானே. இத்தனைக்கும் 1978ல பிரிட்டன் பாட்டுத் தரவரிசையிலயே 6வது இடத்தத் தாண்டல. முதலிடம் போன எத்தன பாட்ட இன்னிக்கு யாரு கேக்குறா?

வெறும் ஜாலிப் பாட்டும் கிடையாது. ஜெஃப் லின் வானத்தப் பாத்து இவ்ளோ நாள் எங்கப்பா போயிருந்தன்னு செல்லமா கோச்சுக்குவாரு, அப்புறம் ராத்திரி வந்து அதோட தோள்ல கைய வைக்கும், பரவால்ல உன்ன இப்படியே ஞாபகம் வச்சுக்குறேன்னு சொல்லிட்டுப் போயிட்டே இருப்பாரு. கடைசியில கோரஸும் வயலினுமா வேற பாட்டு மாதிரி பெருசாகும் பாருங்க, என் பையன் சரியா அந்த எடத்துல தான் ஸ்கிப் பண்றான், பாவி. முடியுறப்ப ஒரு ரோபோ குரல் என்னமோ முனகும், அது எல்பிய திருப்பிப் போடுங்கன்னு சொல்றது.

அடுத்த தடவ லிஸ்ட் போட்டா நாலு பாட்டையும் வரிசையா போடுங்க சார், மொத்தமே இருபது நிமிஷம் ஆகாது.

இப்படிக்கு,
உங்க பழைய வாசகர்