ஆவாரங்காட்டில் குழி தோண்டும் முன்: பசுமை இயக்க அலுவலர்களுக்கு ஒரு திறந்த மடல்

தமிழ்நாடு பசுமை இயக்கத்தின் மாநில, மாவட்ட அலுவலர்களுக்கு வணக்கம்.

மாநிலத்தின் காடு மற்றும் மரப்பரப்பை 23.7 விழுக்காட்டிலிருந்து 33 விழுக்காடாக உயர்த்தும் நோக்கோடு 2022இல் இவ்வியக்கம் தொடங்கப்பட்டது. நோக்கத்தில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் அதை எட்டுவதற்கு நிலம் வேண்டும். நிலம் தேடும்போது முதலில் கண்ணில் படுபவை புறம்போக்குகளும் மேய்ச்சல் தரைகளும் கண்மாய்க் கரையை ஒட்டிய சரளை மேடுகளும்தான். ஆவணங்களில் இவை தரிசு என்றோ புதர் என்றோ குறிக்கப்பட்டிருக்கும். நேரில் சென்று பார்த்தால் அவற்றுள் பலவற்றில் ஆவாரை அடர்ந்து நிற்கும். கன்று நடுவதற்கு முன்னேற்பாடாக நிலத்தைச் சுத்தம் செய்யும்போது முதலில் பிடுங்கப்படுவதும் அதுதான். ஆவாரை தானாக முளைத்து நிற்கும் இடங்களில் மரக்குழி தோண்ட வேண்டாம் என்று கேட்டுக்கொள்ளவே இதை எழுதுகிறேன்.

அவரைக் குடும்பத்தைச் சேர்ந்த இச்செடி தென்னிந்தியாவுக்கும் இலங்கைக்கும் உரியது. பாசனமும் உரமும் பாதுகாப்பு வேலியும் இல்லாமல், பெய்கிற மழையை மட்டும் நம்பி, வேறு செடி எளிதில் பிடிக்காத செம்மண் சரளையிலும் இது வேரூன்றி நிற்கிறது. ஆடுமாடுகள் இதை அதிகம் சீண்டுவதில்லை என்பதால் மேய்ச்சல் நிலத்திலும் நிலைத்துவிடுகிறது. நீங்கள் நடும் கன்றுக்குக் கூண்டும் கோடைத் தண்ணீரும் தேவைப்படும் அதே மண்ணில், செலவின்றிக் கிடைக்கும் பசுமை இது.

இதன் பூவில் தேன் கிடையாது. மகரந்தம் மட்டுமே உண்டு. அம்மகரந்தமும் நுனியில் சிறு துளையுள்ள பைகளுக்குள் அடைபட்டிருப்பதால், பூவைப் பற்றிக்கொண்டு உடலை அதிர வைக்கத் தெரிந்த தச்சன் வண்டு போன்ற தேனீ வகைகளே அதை உதிர்த்து எடுக்க முடியும். கொன்றை இனச் செடிகளின் இலைகளில் முட்டையிடும் வெளிர்நிற வண்ணத்துப்பூச்சிகளுக்கும், புதரடியில் பதுங்கும் கவுதாரிக்கும் காடைக்கும் ஆவாரங்காடு வாழிடம். நிழல் தரும் மரங்களை நட்டு அவ்விடத்தை மூடிவிட்டால், வெயில் வேண்டும் ஆவாரையும் குன்றும், அதை நம்பியிருப்பவையும் குன்றும்.

ஆவாரைக்காக வாதாடுவோர் சிலர், அவரைக் குடும்பம் என்பதால் இது வேர்முடிச்சுகளின் வழியே மண்ணுக்குத் தழைச்சத்து சேர்க்கும் என்று எழுதிவிடுகிறார்கள். இது சேர்ந்த சென்னா இனத்தின் பெரும்பாலான செடிகளில் வேர்முடிச்சு உருவாவதில்லை; எனவே அந்த வாதத்தை நான் முன்வைக்கவில்லை. உழவர்கள் ஆவாரைத் தழையை வெட்டி நெல்வயலில் மிதித்தது வேறு கணக்கு.

புதர்நிலத்தையும் புல்வெளியையும் வெற்றிடமாகக் கருதியதற்கு நாம் ஏற்கெனவே விலை கொடுத்திருக்கிறோம். தோல் பதனிடுவதற்கு ஒரு காலத்தில் ஆவாரம்பட்டையே தென்னாட்டின் முதன்மைப் பொருளாக இருந்தது. பின்னர் அதன் இடத்தை வாட்டில் பட்டை பிடித்தது. ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த வாட்டில் மரமும் இதே அவரைக் குடும்பம்தான். அதை நீலகிரியிலும் பழனி மலையிலும் இயற்கையான புல்வெளிகளின் மேல் நட்டார்கள். இன்று அது சோலைப் புல்வெளிகளை விழுங்கிவிட்ட அயல் மரமாக அகற்றப்பட்டு வருகிறது. மலையில் பட்ட பாட்டைச் சமவெளியிலும் படத் தேவையில்லை.

சீமைக் கருவேலத்தை அகற்றும் பணியிலும் கவனம் வேண்டும். ஊடுருவும் அயல் தாவரங்கள் குறித்து 2022இல் அரசு கொள்கை வெளியிட்டிருப்பது வரவேற்கத்தக்கது. ஆனால் பொக்லைன் இயந்திரத்துக்குச் சீமைக் கருவேலமும் ஆவாரையும் ஒன்றுதான். ஒப்பந்தப் புள்ளியிலேயே விட்டுவைக்க வேண்டிய நாட்டுச் செடிகளின் பெயர்களைச் சேர்த்து, வேலை தொடங்குமுன் அவற்றுக்கு அடையாளக் குச்சி நட வேண்டும் என்று நிபந்தனை விதித்தால் இதில் பாதிச் சேதம் தவிர்க்கப்படும் என்பது என் கருத்து.

தெலங்கானா தங்கேடு என்று அழைத்து இப்பூவை மாநில மலராக்கியிருக்கிறது. நமக்குச் செங்காந்தள் இருக்கிறது. அதை மாற்றச் சொல்லவில்லை. நட்ட கன்றுகளின் எண்ணிக்கையை மட்டும் சாதனையாகக் கொள்ளாமல், காக்கப்பட்ட புதர்நிலத்தின் பரப்பையும் இலக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள் என்பதே என் வேண்டுகோள். கன்று எண்ணிக்கை ஒன்றே அளவுகோலாக இருக்கும்வரை, களத்தில் நிற்கும் அலுவலர் நல்ல மனத்தோடுதான் ஆவாரையைப் பிடுங்குவார்.

உண்மையிலேயே வெறுமையாகிவிட்ட சாலையோரச் சரிவுகளிலும், சீமைக் கருவேலம் எடுக்கப்பட்ட இடங்களிலும் ஆவாரையை நாமே வளர்க்கலாம். வளர்ந்த செடியைப் பிடுங்கி நடுவதைவிட நேரடி விதைப்பே ஏற்றது. காய்ந்த தட்டைக் காய்களிலிருந்து விதை சேகரித்து, கடினமான மேல்தோல் இளகும்படி சுடுநீர் ஊற்றி ஓர் இரவு ஊறவிட்டு, வடகிழக்குப் பருவமழையின் முதல் ஈரத்தில் தூவினால் போதும். அதற்கான விதைச் சேகரிப்பை இந்த ஆண்டே மாவட்ட நாற்றங்கால்களின் பணிப்பட்டியலில் சேர்க்குமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
புதர்நிலங்களில் அக்கறையுள்ள ஒரு குடிமகன்