பாப்புவுக்கு, அம்மா எழுதுவது

அன்புள்ள பாப்பு,

நலமா என்று கேட்டால் உடனே அந்தக் கட்டைவிரல் படத்தை அனுப்பிவிடுவாய், அதனால் கேட்கவில்லை. தமிழில்தான் எழுதுகிறேன். இங்கிலீஷில் எழுத ஆரம்பித்தால் எனக்கு ஆபீஸ் மெயில் மாதிரியே வருகிறது, ‘ஜஸ்ட் செக்கிங்’ என்று தொடங்கி ‘டேக் கேர்’ என்று முடிந்துவிடுகிறது. ஞாயிற்றுக்கிழமை தமிழ்ப் பள்ளிக்கு எட்டு வருஷம் போனவள் நீ, எழுத்துக் கூட்டி மெதுவாகப் படி. முடியாவிட்டால் ஃபோனை விட்டு வாசிக்கச் சொல், ஆனால் அது ‘ழ’வைப் படுத்துகிற பாட்டுக்கு உன் ‘ழ’ எவ்வளவோ தேவலை.

அப்பாவுக்கு முழங்கால் பரவாயில்லை. பக்கத்து வீடு விற்றுவிட்டது. தம்பி பார்க்கிங் டெஸ்டில் மறுபடியும் கோட்டை விட்டான். நேரத்துக்குச் சாப்பிடுகிறாயா?

சனிக்கிழமை வாழைப்பூ வாங்க கிராண்ட் ப்ரெய்ரியில் ஏசியா டைம்ஸ் ஸ்கொயர் கடை வரைக்கும் போனேன். அந்த ரோட்டில் போகும்போதெல்லாம் நீ பின் சீட்டிலிருந்து “அம்மா, இது செலினா ஊரு!” என்று கத்துவாயே, அது ஞாபகம் வந்துவிட்டது. காரில் நான் மட்டும்தான் இருந்தேன், ஆனாலும் வாய்விட்டுச் சொன்னேன், செலினா ஊரு என்று. அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை. தம்பியை எழுப்பி, 2022-இல் அந்தப் பாட்டுப் பாடி நடிக்கிற பெண், செலினா கோமஸைப் பற்றி வந்த ஆவணப்படத்தைப் போட்டுக் கொடுக்கச் சொன்னேன். “உனக்கு எதுக்கும்மா இதெல்லாம்” என்று கேட்டுவிட்டுத் தூங்கப் போய்விட்டான்.

உனக்குத் தெரியாத செலினா கோமஸ் கதையை நான் சொல்லப் போவதில்லை. உனக்கு எட்டு வயதில், அந்த டிஸ்னி சேனல் தொடரில் அவள் மந்திரக்காரியாக வருவாளே, அலெக்ஸ் ருஸ்ஸோ, அதற்காக நீ என் மர மத்தை எடுத்துக்கொண்டு வீடெல்லாம் ஆட்டிக்கொண்டு திரிந்தாய். மத்தைக் காணாமல் நான் எத்தனை நாள் கரண்டியால் தயிர் சிலுப்பினேன் தெரியுமா? அதில் வரும் அம்மா மெக்சிகன், சாண்ட்விச் கடை வைத்திருப்பார்கள், பிள்ளைகளைத் திட்டிக்கொண்டே இருப்பாள். “அந்த அம்மா உன்ன மாதிரியே” என்றாய். எனக்கு அதில் உள்ளுக்குள் பெருமைதான், வெளியில் சொல்லவில்லை. 2007-இல் தொடங்கி 2012 ஜனவரி வரை ஓடியது, கடைசி எபிசோடுக்கு நீ அழுத அழுகையைப் பார்த்து அப்பா டிவிக்கே தடை போட்டார்.

செலினாவின் நிஜமான அம்மாவைப் பற்றி அப்போது எனக்குத் தெரிந்தது ஒன்றுதான், பதினாறு வயதில் பிள்ளை பெற்றவள் என்று. அந்த வயதில் நான் பிளஸ் ஒன். “பிள்ளையை டிவிக்கு அனுப்புறவ என்ன அம்மா” என்று சாப்பாட்டு மேசையில் நான் சொன்னதும், நீ தட்டைத் தள்ளிவிட்டு எழுந்து போனதும் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. இப்போதுதான் மீதி தெரிகிறது. செலினாவுக்கு ஐந்து வயதில் அப்பாவும் அம்மாவும் பிரிந்துவிட்டார்கள். அப்பா வழியில் மெக்சிகோ. அத்தை ஒருத்தி 1970-களில் லாரியின் பின்புறம் ஒளிந்து எல்லை தாண்டி வந்தாளாம், தாத்தா பாட்டி அவளுக்குப் பின்னால் வந்தார்களாம். இந்த அம்மா இரண்டு மூன்று வேலை பார்த்திருக்கிறாள். பெட்ரோல் தீர்ந்து கார் நின்றுவிட்டால் அம்மாவும் மகளுமாக சீட்டு இடுக்கில் எல்லாம் கையை விட்டுச் சில்லறை தேடுவார்களாம். கால் டாலர் காசுகள். நாமும் முதல் இரண்டு வருஷம் அந்த பழைய கரோலாவை வைத்துக்கொண்டு அதைத்தானே செய்தோம், நீ பெட்ரோல் பங்கில் காசை எண்ணி என் கையில் வைப்பாய். அதை எல்லாம் மறந்துவிட்டு நான் இன்னொருத்தியைச் சொன்னேன்.

பத்து வயதில் பார்னி என்ற குழந்தைகள் நிகழ்ச்சி, பதினைந்தில் டிஸ்னி தொடர், அப்புறம் பாட்டுக் குழு, பதினேழு வயதில் யுனிசெஃப் தூதர். இதெல்லாம் நீ பட்டியல் போட்டு ஒப்பிப்பாய், நான் “கணக்குல இந்த ஞாபகம் இருக்கா” என்பேன். இருந்தது. கணக்கிலும் நீ கெட்டிக்காரிதான். சியாட்டிலில் உன்னை மாதிரி வேலை எத்தனை பேருக்குக் கிடைக்கும் என்று அப்பா இன்றும் வருகிறவர் போகிறவரிடம் எல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறார். சொல்லட்டும், நான் தடுக்கவில்லை.

நாலு ஞாயிறு ஆகிவிட்டது நீ பேசி. எண்ணிக்கொண்டிருக்கிறாள் என்று நினைக்காதே. எண்ணிக்கொண்டுதான் இருக்கிறேன்.

2014-இல் செலினா கொஞ்ச நாள் காணாமல் போனாள், ஊரே போதை என்று பேசியது. அடுத்த வருஷம்தான் லூபஸ் என்று அவளே சொன்னாள். வெளிக் கிருமியோடு சண்டை போட வேண்டிய சக்தி திரும்பி நம் உடம்பையே அடிக்கிற நோய். கீமோதெரபி எடுத்துக்கொண்டிருந்திருக்கிறாள், அந்த நேரத்தில் ஜனங்கள் அவள் முகம் உப்பியிருக்கிறது என்று கிண்டல் செய்தார்கள். 2016-இல் உலகச் சுற்றுப்பயணத்தில் ஐம்பது நிகழ்ச்சிகளுக்கு மேல் ஆனதும் முடியவில்லை என்று நிறுத்திவிட்டாள். பதற்றம், மனச்சோர்வு. கையில் எல்லாம் இருந்தது, உள்ளே உடைந்திருந்தேன் என்கிற மாதிரி அந்த வருஷக் கடைசியில் மேடையில் பேசினாள். நடுவில் நிறுத்துவதற்கு எவ்வளவு தைரியம் வேண்டும் என்று எனக்கு அப்போது தெரியாது. வேலையில் லீவு போடுவது ஒன்றும் குற்றமில்லை பாப்பு. பொதுவாகச் சொல்கிறேன். நேரத்துக்குச் சாப்பிட வேண்டும், அவ்வளவுதான்.

2017 செப்டம்பரில் நீ பன்னிரண்டாம் வகுப்பு. சமையல் அறைக்கு வந்து ஃபோனை நீட்டினாய். இரண்டு ஆஸ்பத்திரிக் கட்டில், இரண்டு பெண்கள், கையை நீட்டிக் கோத்துக்கொண்டு படுத்திருக்கிறார்கள். செலினாவுக்கு அவள் சிநேகிதி ஃபிரான்சியா ரைசா ஒரு சிறுநீரகத்தைக் கொடுத்திருக்கிறாள். நான் என்ன சொன்னேன்? “அந்தக் குடுத்த பொண்ணோட அம்மா வயிறு எப்படிப் பத்தி எரிஞ்சிருக்கும்” என்றேன். தோசையைத் திருப்பிப் போட்டேன். நீ அங்கேயே நின்றுகொண்டிருந்தாய். அடுத்த மாதம் மறுபடியும் வந்து, வைத்த சிறுநீரகம் உள்ளே திரும்பிக்கொண்டு, அவசரமாக இன்னொரு ஆபரேஷன், காலிலிருந்து ரத்தக் குழாய் எடுத்து வைத்தார்கள் என்றெல்லாம் சொன்னாய். நீ அவளைப் பற்றித்தான் பேசுகிறாய் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

நீ அந்த ஃபோனை நீட்டியதற்கு ஒரு வாரம் முன்னால்தான் ஸ்கூலிலிருந்து அந்தத் தாள் வந்தது. அதற்கு அப்புறம் வருகிறேன்.

செலினாவுக்குச் சின்ன வயதில் இடி என்றால் பயம். நம் டெக்சஸ் இடி உனக்குத் தெரியாததா. அதற்கு அந்த அம்மா என்ன செய்தாளாம், இடி மின்னலைப் பற்றிய புத்தகங்களை வாங்கிக் கொடுத்து, தெரிந்துகொள்ளத் தெரிந்துகொள்ளப் பயம் குறையும் என்றாளாம். பல வருஷம் கழித்து பைபோலார் என்று டாக்டர்கள் சொன்னபோது செலினாவுக்கு அதுதான் ஞாபகம் வந்திருக்கிறது, பெயர் தெரிந்ததும் பயம் குறைந்தது என்று சொல்லியிருக்கிறாள். அதை அவள் 2020-இல் வெளியில் சொன்னாள். நான் இதைக் கேட்டுவிட்டு இரண்டு தடவை பின்னால் ஓட்டிப் பார்த்தேன். டொர்னேடோ சைரன் அடித்தால் நானும் நீயும் குளியல் தொட்டியில் மெத்தையைப் போர்த்திக்கொண்டு உட்கார்ந்திருப்போமே. நான் உனக்கு என்ன கொடுத்தேன்? காதைப் பொத்திக்கொண்டு “அர்ச்சுனா அர்ச்சுனா”ன்னு சொல்லு என்றேன். என் பாட்டி எனக்குச் சொன்னது. சொன்னால் இடி போய்விடும் என்று நீ நம்பினாய். போகாத நாளில் என் முகத்தைப் பார்த்தாய்.

படத்தில் அந்த அம்மா மாண்டி ஒன்று சொன்னாள். மகள் நிலைகுலைந்து ஆஸ்பத்திரியில் இருப்பதே தங்களுக்கு டிஎம்இஸட் மூலம்தான் தெரியும் என்று. அந்த வம்புச் செய்திக்காரர்கள் ஃபோன் செய்து, உங்கள் மகள் ஆஸ்பத்திரியில் என்ன செய்கிறாள் என்று இவளிடம் கேட்டிருக்கிறார்கள். மகளோ அம்மா சொல்வது எதையும் கேட்கிற நிலையில் இல்லை. அந்த இடத்தில் நிறுத்திவிட்டு எழுந்து போய்த் தண்ணீர் குடித்தேன்.

போன வியாழன் ஃபிரிஸ்கோ ஆஞ்சநேயர் கோயிலில் செருப்பு வைக்கிற இடத்தில் ஒரு அம்மா பிடித்துக்கொண்டார். யார் என்று சொன்னால் நீ அவர்கள் பெண்ணோடு சண்டைக்குப் போவாய், சொல்லவில்லை. “யாழினி மூணு வாரமா மெடிக்கல் லீவாமே, இப்ப எப்படி இருக்கா?” என்றார். நான் சிரித்துக்கொண்டே, “ஆமா, இப்ப தேவல” என்றேன். பாப்பு, எனக்குத் தெரியாது என்று சொல்ல வாய் வரவில்லை. வடைமாலைக்குப் பணம் கட்டிவிட்டு, சாமி கும்பிடாமலே வந்துவிட்டேன். வீட்டுக்கு வந்துதான் ஒரு காலில் யாரோ ஒருவருடைய செருப்பு இருப்பதைப் பார்த்தேன்.

அப்பாவிடம் இன்னும் சொல்லவில்லை.

கோபம் இருக்கிறது, இல்லை என்று பொய் சொல்ல மாட்டேன். ஊரில் எவளோ ஒருத்திக்குத் தெரிந்தது எனக்குத் தெரியக்கூடாதா, நான் அவ்வளவு தூரமாகிவிட்டேனா என்று இரண்டு நாள் பாத்திரங்களோடு சண்டை போட்டேன். மூன்றாம் நாள் அரிசி டின்னைக் கழுவ எடுத்தேன். சரி, இனி சொல்லிவிடுகிறேன்.

அந்த ஸ்கூல் தாள். உங்கள் பெண் தானாகவே வந்து கேட்டிருக்கிறாள், அவளுக்கு மனநல டாக்டரைப் பார்ப்பது நல்லது, பெற்றோர் கையெழுத்து வேண்டும் என்று எழுதியிருந்தது. தானாகவே வந்து கேட்டிருக்கிறாள் என்ற வரியை நான் திரும்பத் திரும்பப் படித்தேன். கையெழுத்துப் போடவில்லை. கவுன்சிலருக்கு ஃபோன் செய்து, கல்லூரி விண்ணப்ப நேரம், தூக்கம் குறைவு, வேறொன்றும் இல்லை என்று சொன்னேன். தாளை நாலாக மடித்து அரிசி டின்னுக்கு அடியில் வைத்தேன். அப்பாவுக்குக் காட்டவில்லை, காட்டியிருந்தால் அவர் கையெழுத்துப் போட்டிருப்பார் என்று எனக்குத் தெரியும். செல்வி அத்தை விஷயத்துக்கு அப்புறம் அவர் அப்படித்தான். எனக்கோ செல்வி அத்தை விஷயத்துக்கு அப்புறம்தான் அந்த வார்த்தையே வீட்டுக்குள் வரக்கூடாது என்று இருந்தது. நீ அன்று தோசைக்கல் பக்கத்தில் நின்றபோது கேட்க வந்தது இதைத்தானே. “அம்மா, எனக்கும் ஒரு மாதிரி இருக்கு” என்றாய். “எஸ்ஏடி பரீட்சை முடியட்டும், எல்லாம் சரியாயிடும்” என்றேன். நீ அதற்கப்புறம் என்னிடம் கேட்கவே இல்லை. ஏன் சொல்லவில்லை என்று இப்போது உன்னைக் கேட்க எனக்கு என்ன இருக்கிறது.

வீடு மாற்றினபோதும் அந்தத் தாளை நான் தூக்கிப் போடவில்லை. ஏன் என்று தெரியவில்லை. டின்னோடு கூடவே வந்தது.

செலினாவை உனக்கு உபதேசம் செய்ய இழுத்து வரவில்லை. அவளிடம் பணம் இருக்கிறது, டாக்டர்கள் இருக்கிறார்கள், நமக்கு இன்ஷூரன்ஸ்காரன் என்ன சொல்வானோ. ஆனாலும் ஒன்று பிடித்திருந்தது. லீவு போட்டவள் திரும்பி வந்தாள், அதுவும் அவசரமில்லாமல். 2019-இல்தான் அவளுடைய பாட்டு ஒன்று முதல் தடவையாகப் பில்போர்டு பாட்டுப் பட்டியலில் முதலிடம் வந்தது, அத்தனை வருஷம் பாடின பிறகு. 2021-இல் ஸ்டீவ் மார்ட்டின், மார்ட்டின் ஷார்ட் என்ற இரண்டு கிழவர்களோடு அந்தக் கொலைத் தொடர், அதை அப்பாவும் பார்க்கிறார், யார் கொலைகாரன் என்று எல்லோருக்கும் முன்னால் தப்பாகச் சொல்கிறார். அதே வருஷம் ஸ்பானிஷில் பாட்டுத் தொகுப்பு போட்டாள், சின்னதில் பேசி மறந்த மொழி. அப்புறம் 2024-இல் ஸ்பானிஷ் பேசுகிற படத்தில் நடித்து, கான் விழாவில் உடன் நடித்தவர்களோடு சிறந்த நடிகை விருது வாங்கினாள், அப்படியும் மெக்சிகோவில் ஒரு நடிகர் அவள் பேசுகிற ஸ்பானிஷைக் கிழித்தார். கிடைத்த நேரத்தில் முடிந்ததைச் செய்தேன் என்றாள் அவள், அவர் மன்னிப்புக் கேட்டார். மதுரையில் உன் தமிழுக்குச் சிரித்தவர்கள் யாரும் கேட்கவில்லை. நானும் அவர்களோடு சேர்ந்து சிரித்தேன், நீ அடுத்த தடவை ஊருக்கு வரவில்லை.

மாத்திரை கொடுத்திருந்தால் வேளைக்குப் போடு. வெறும் வயிற்றில் போடாதே. யாராவது “மாத்திரையெல்லாம் எதுக்கு, யோகா பண்ணு” என்றால் கேட்காதே, அது நானாகவே இருந்தாலும் கேட்காதே. ஃபோனைச் சார்ஜில் போட்டு வை. நேரத்துக்குச் சாப்பிடு.

பதினாலாம் தேதிக்கு சியாட்டிலுக்கு டிக்கெட் போட்டு வைத்திருக்கிறேன். இரண்டு வாரம் இருப்பேன், சமைப்பேன், நீ சொல்லாமல் எதுவும் கேட்க மாட்டேன். கேட்டுவிடுவேன், ஆனால் நீ “போதும்மா” என்றால் நிறுத்திவிடுவேன். வர வேண்டாம் என்றால் அதையும் சொல், கட்டைவிரல் மட்டும் அனுப்பாதே, அது சரியா வேண்டாமா என்று எனக்குப் புரிவதில்லை. அந்தத் தாளையும் கொண்டு வரட்டுமா என்று யோசிக்கிறேன். உன்னுடையதுதானே.

பருப்புப் பொடி, இட்லிப் பொடி இரண்டும் தபாலில் போட்டிருக்கிறேன். இட்லிப் பொடியில் உப்பு கொஞ்சம் தூக்கல், எண்ணெய் தாராளமாக விட்டுக்கொள்.

அம்மா