அழாத முகம்

அன்புள்ள வசந்தி,

உன் கடிதம் கிடைத்தது. அண்ணிக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததில் சந்தோஷம். இங்கே எல்லாரும் சௌக்கியம். என் மூட்டு வலிதான் என்னை விடமாட்டேன் என்கிறது.

தூக்கம் வராத ராத்திரிகளில் பின்லாந்து நடிகை காட்டி ஓட்டினென் நடித்த படங்களாகத் தேடிப் பார்க்கிறேன். 1961இல் ஹெல்சிங்கியில் பிறந்தவர். சினிமா, டிவி, மேடை மூன்றிலும் இருந்திருக்கிறார். ஆனாலும் பின்லாந்து இயக்குநர் அகி கௌரிஸ்மாகியின் படங்களால்தான் உலகத்துக்கே தெரிந்தார். கௌரிஸ்மாகியோடு 1986இல் செய்த முதல் படத்திலேயே சூப்பர் மார்க்கெட்டில் பில் போடும் பெண். குப்பை வண்டிக்காரராக மாட்டி பெல்லோன்பா. இரண்டு பேரும் காதலைச் சொல்லிக்கொள்ளும் அழகு இருக்கிறதே, மளிகைக் கணக்கு பேசுவதுபோல் இருக்கும்!

1990இல் தீப்பெட்டித் தொழிற்சாலைப் பெண்ணாக வருகிறார். நடன அரங்கில் வரிசையாக உட்கார்ந்திருக்கும் பெண்களை ஒவ்வொருத்தராக ஆடக் கூட்டிப்போகிறார்கள். கடைசியில் இவள் மட்டும் பெஞ்சில் மிச்சம். முகத்தில் ஒரு சுளிப்புகூடக் கிடையாது. நம் ஊரில் கண்ணில் தண்ணீர் வந்தால்தான் நடிப்பு என்போம். இந்த அம்மாள் அதை நம் பக்கம் தள்ளிவிட்டுச் சும்மா உட்கார்ந்திருக்கிறார்.

அடுத்தது நீ கட்டாயம் பார்க்க வேண்டிய படம், ‘டிரிஃப்டிங் கிளவுட்ஸ்’, 1996இல் வந்தது. பெல்லோன்பாவை மனதில் வைத்து எழுதிய கதை. 1995இல் அவர் திடீரென்று இறந்துபோகவே, கதையை மாற்றி ஓட்டினெனைத் தலைமைப் பரிசாரகி ஆக்கினார் கௌரிஸ்மாகி. பின்லாந்தில் வேலையில்லாத் திண்டாட்டம் தலைவிரித்தாடிய காலம். புருஷன், பெண்டாட்டி இரண்டு பேருக்கும் வேலை போய்விடுகிறது. ஒரு அழுக்கு ஓட்டலில் ஒண்டி ஆளாகச் சேருகிறாள். உள்ளே சமையல்காரர் இருப்பதுபோல் ஆர்டரைக் கூவிவிட்டு, தானே போய்ச் சமைக்கிறாள். நான் சிரித்துவிட்டேன், உடனே தொண்டை அடைத்துக்கொண்டது. அந்தத் தம்பதியின் இறந்த குழந்தை என்று ஒரு போட்டோ வரும். அது பெல்லோன்பாவின் சின்ன வயதுப் படம். தெரிந்துகொண்டு பார்த்தால் ஓட்டினென் அதைப் பார்க்கும் பார்வையே வேறு.

2002இல் நினைவிழந்த ஒருவனை நேசிக்கும் சால்வேஷன் ஆர்மி என்ற கிறிஸ்தவத் தொண்டு அமைப்பின் ஊழியராக நடித்ததற்குத்தான் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது. பிறகு ஹெல்சிங்கி நாடக அகாடமியில் நடிப்புப் பேராசிரியராகவும் இருந்தார். முகத்தை அசைக்காமல் இருப்பதை எப்படித்தான் சொல்லிக்கொடுத்தாரோ!

சப்டைட்டிலுக்குப் பயப்படாதே, பேச்சே கொஞ்சம்தான். அந்த ஓட்டல் படத்தை முதலில் பார். மாப்பிள்ளையையும் பக்கத்தில் உட்கார வை, அவர் தூங்கிவிட்டாரா என்று மறக்காமல் எழுது.

அன்புடன்,
ராஜி