கேலரின்னா ஓவியர் மட்டும் இல்லீங்க

ஆசிரியர் ஐயாவுக்கு வணக்கம்,

ஈஞ்சம்பாக்கம் சோழமண்டலம் ஓவியர் கிராமம் பத்தி நீங்க போட்ட கட்டுரைய கடை ஷட்டர தூக்குறதுக்கு முன்னாடியே நின்னுக்கிட்டே படிச்சிட்டேன். 1966ல ஓவியர் கே.சி.எஸ். பணிக்கர் தன்கிட்ட படிச்ச பசங்களோட சேந்து அத ஆரம்பிச்சது, படம் வித்து மட்டும் வயிறு நிறையாதுன்னு துணியில மெழுகு வச்சு சாயம் முக்கி பாத்திக் பண்ணி வித்து அந்த காசுல நிலம் வாங்குனது எல்லாம் நல்லா எழுதியிருந்தீங்க. ஆனா படத்த செவுத்துல மாட்டுறவங்கள பத்தி ஒரு வரி கூட இல்லியே ஐயா.

நான் 24 வருஷமா சின்ன சின்ன கேலரிங்களுக்கு பிரேம் போடுறவன். கடலோர கேலரின்னா உப்புக்காத்துல சாதா ஆணி சீக்கிரமே துருப்பிடிச்சு கறை இறங்கிரும், அதனால பித்தளை ஸ்க்ரூதான் போடுவேன். வாட்டர்கலர் படம்னா கண்ணாடி படத்த தொடவே கூடாது, நடுவுல மவுண்ட்னு சொல்ற அட்டைய வச்சு இடைவெளி விடணும், இல்லன்னா ஐப்பசி கார்த்திகை ஈரத்துல உள்ள வேர்த்து பூசணம் புடிச்சு படம் கண்ணாடியோட ஒட்டிக்கும், அப்புறம் பிரிச்சா கலரும் சேந்து உரிஞ்சு வந்துரும், அந்த ஓவியரோட பல மாச உழைப்பு போச்சு.

ஒரு கேலரில கூட்டிப் பெருக்குற அக்கா ஒரு நாள் காலைல போன் பண்ணாங்க, "தம்பி, மூணாவது படத்துக்கு கீழ மஞ்சளா மாவு மாதிரி உதிந்து கெடக்கு, பெருக்காம வச்சிருக்கேன், வந்து பாரு". போய் பாத்தா பிரேம்ல வண்டு துளைச்சிருக்கு. அவங்க பாட்டுக்கு பெருக்கித் தள்ளியிருந்தா எங்களுக்கு தெரியாமலே பக்கத்து படங்களுக்கும் வண்டு பரவியிருக்கும். அந்த அக்கா பேர் கண்காட்சிக்கு போடுற எந்த கேட்டலாக் புத்தகத்துலயும் வந்ததில்ல.

போன வருஷம் இன்னொரு இடத்துல, பேர் வேணாம், ராத்திரி ரெண்டு மணி வரைக்கும் ரசமட்டம் வச்சு 32 படம் மாட்டினோம். மறுநாள் திறப்பு விழாவுக்கு என் பையன கூட்டிட்டு போனேன், அப்பா வேலைய பாக்கட்டும்னு. பின்வாசல் வழியா வாங்கன்னுட்டாங்க. பையன் முன்னாடி அத கேக்க ரொம்ப கஷ்டமா இருந்துச்சு.

கேலரி நடத்துறவங்க பாடும் எனக்கு தெரியும், படம் விக்காத மாசத்துலயும் வாடகை, கரண்ட் பில் எல்லாம் கட்டித்தான் ஆகணும். நான் கேக்குறது காசு இல்ல. சினிமால லைட்மேன் பேர் வரைக்கும் போடுறாங்க, அதே மாதிரி கேட்டலாக் கடைசி பக்கத்துல பிரேம் யாரு, மாட்டினது யாரு, லைட் போட்டது யாரு, பெருக்குறது யாருன்னு நாலு வரி போடச் சொல்லி நீங்க எழுதணும்.

அடுத்த தடவ உங்க நிருபர திறப்பு விழா அன்னைக்கு அனுப்பாம முந்தின நாள் ராத்திரி அனுப்புங்க, நாங்க எல்லாரும் அங்கதான் இருப்போம்.

இப்படிக்கு,
ஒரு பிரேம் கடைக்காரர்,
திருவான்மியூர்