துலாம் ஐந்தும் ஐப்பசி ஐந்தும்

தக்கலை

மக்கா,

உன் கடுதாசி வந்து ரெண்டு வாரம் ஆச்சு. பதில் போடாததுக்குக் காரணம் சோம்பல் இல்லை, அப்பாவோட விளைப் பத்திரம், அதான் நம்ம தோட்டத்து நிலத்தோட பத்திரம்.

1951-ல எழுதினது. அப்போ நாம திருக்கொச்சியிலதானே (திருவிதாங்கூர்-கொச்சி மாநிலம்), எல்லாம் மலையாள எழுத்து. கரையான் அரிச்ச ஓரத்துப் பக்கத்துல ‘1127 துலாம் 5’ மட்டும் தெளிவா நிக்கி. 1127-ங்கறது மலையாளத்துக் கொல்லம் வருஷம். பத்திரப் பதிவு ஆபீஸ்ல நகல் வாங்க இங்கிலீஷ் தேதி வேணும். துலாம்னா நம்ம ஐப்பசி. அந்த வருஷம் ஐப்பசி 1 அக்டோபர் 17. ஐஞ்சாம் நாள் 21-ன்னு எழுதிக் கொடுத்தேன். அப்படிப் பதிவே இல்லைன்னுட்டாங்க. ராத்திரி படுத்தபிறகுதான் காலண்டரைத் தேடினேன். 21 ஞாயிற்றுக்கிழமை! அன்னைக்கு எவன் பத்திரம் பதிவான்?

சுசீந்திரத்துல பஞ்சாங்கம் தெரிஞ்ச பெரியவர் ஒருத்தர் முடிச்சை அவிழ்த்தார். சூரியன் துலா ராசிக்குள்ள நுழையிற நேரம் ஆகாயத்துக் கணக்கு. அது எல்லாருக்கும் ஒண்ணுதான். எந்த நாளை முதல் தேதின்னு எண்ணுறதுங்கறதுலதான் வழக்கு மாறுது. தமிழ்நாட்டு வழக்குல அஸ்தமனத்துக்குள்ள நுழைஞ்சா அன்னைக்கே மாசம் பிறந்தாச்சு. மலையாள வழக்குல பகலை அஞ்சு பங்கு வச்சு, மூணு பங்குக்குள்ள நுழையணும். அதாவது உதயத்திலிருந்து 18 நாழிகை. நாழிகைக்கு 24 நிமிஷம். ஆறு மணிக்கு விடிஞ்சா மத்தியானம் 1.12-க்குள்ள. தவறினா மறுநாள்தான் ஒண்ணாம் தேதி. அந்த வருஷம் நுழைஞ்சது ரெண்டு மணிக்கு மேல. அதனால ஐப்பசி 17-ல பிறந்தது, துலாம் 18-ல. பத்திரம் பதிஞ்சது 22, திங்கக்கிழமை.

பஞ்சாங்கம் ராகுகாலம் பாக்கிறவனுக்குன்னு எழுதியிருந்தியே. ராகுகாலம் நானும் பாக்கிறதில்லை. (என் வீட்டுக்காரி பாப்பா, அது தனிப் பஞ்சாயத்து.) ஆனா திதி அப்படியில்லை மக்கா. நிலா சூரியனை விட்டு 12 பாகை விலகினா ஒரு திதி, 180 வந்தா பௌர்ணமி. சித்ரா பௌர்ணமிக்குக் கன்னியாகுமரியில மேற்கே சூரியன் இறங்க, கிழக்கே கடல்ல நிலா ஏறுச்சே, நீ கடலைப் பொட்டலத்தைக் கீழே போட்டுட்டு நின்னியே, அந்தக் கணக்குதான்.

22-ன்னு திருத்தி மறுபடி மனு போட்டேன், நகல் வந்திட்டு. வாசிச்சதும் அண்ணன் பேச்சை நிறுத்திட்டான். வடக்கு எல்லைப் பலாமரம் நம்ம பக்கம்னு அதுல இருக்கு. விவரம் அடுத்த கடுதாசியில.

அம்மைகிட்ட கேட்டதாச் சொல்லு.