துவா மறையவில்லை: அஞ்சல்தலைக் கண்காட்சி நடத்துவோருக்கு ஒரு திறந்த மடல்

அஞ்சல்தலைக் கண்காட்சி அமைப்பாளர்களுக்கும் சேகரிப்போர் சங்கப் பொறுப்பாளர்களுக்கும் வணக்கம்.

அண்மையில் நான் சென்ற ஒரு கண்காட்சியில், ‘மறைந்த நாடுகள்’ என்று தலைப்பிட்ட சட்டகத்துக்குள் தன்னு துவாவின் முக்கோண, சாய்சதுர அஞ்சல்தலைகள் அழகாக அடுக்கப்பட்டிருந்தன. கீழே இருந்த அட்டையில் நாட்டின் பெயரும் 1921–1944 என்ற ஆண்டுகளும் மட்டுமே இருந்தன. என் பக்கத்தில் நின்ற பள்ளி மாணவன், “இந்த நாடு எப்படி சார் மறைஞ்சுபோச்சு? கடல்ல மூழ்கிடுச்சா?” என்று கேட்டான். கடலே எட்டாத மலைநாட்டைப் பற்றி அவனை அப்படிக் கேட்க வைத்தது நம்முடைய அட்டைதான். அதனால்தான் இந்த மடல்.

சைபீரியாவுக்கும் மங்கோலியாவுக்கும் இடையே, யெனிசெய் ஆற்றின் தலைப்பகுதியில் உள்ள துவா, பரப்பில் தமிழ்நாட்டைவிடப் பெரியது. அக்காலத்தில் அதன் மக்கள்தொகையோ ஒரு லட்சத்தைத் தொடவில்லை. சீனத்தின் சிங் பேரரசு சரிந்தபின் 1914இல் ரஷ்யப் பேரரசின் பாதுகாப்பின்கீழ் வந்த இந்நிலம், ரஷ்ய உள்நாட்டுப் போரின் குழப்பங்களைக் கடந்து, 1921 ஆகஸ்ட் 14 அன்று தன்னைத் தனிக் குடியரசாக அறிவித்துக்கொண்டது. அதை ஒரு நாடென ஏற்றவை சோவியத் ஒன்றியமும் மங்கோலியாவும் மட்டுமே.

மற்ற கதையை அந்த அஞ்சல்தலைகளே சொல்லும், நாம் சொல்ல விட்டால். 1926இல் வந்த முதல் வரிசையில் பௌத்த அறச்சக்கரமும் மேலிருந்து கீழாக ஓடும் மங்கோலிய எழுத்தும் இருக்கின்றன. அந்த ஆண்டுகளில் ஆட்சித் தலைமையில் இருந்த தொண்டுக் குலார் முன்னாள் லாமா; பௌத்தத்துக்கு அரசின் ஆதரவைத் தந்து, மங்கோலியாவோடு நெருங்கி, மாஸ்கோவின் பிடியைத் தளர்த்தப் பார்த்தவர். 1929இல் பதவி இழந்த அவர் 1932இல் கொல்லப்பட்டார். மாஸ்கோவில் படித்துத் திரும்பிய இளைஞர்கள் அதிகாரத்துக்கு வந்தார்கள். துவா மொழிக்கு லத்தீன் எழுத்தும் வந்தது. முப்பதுகளின் அஞ்சல்தலைகளில் சக்கரத்தைக் காணோம். நாட்டின் பெயர் லத்தீன் எழுத்தில் இருக்கிறது. 1936இல் வெளியான ஒன்றில் ஒட்டகம் ஒன்று ரயிலோடு போட்டி போட்டு ஓடுகிறது. துவாவில் அன்று ரயில் பாதையே கிடையாது. இன்றும் தலைநகர் கிசிலுக்கு ரயில் போவதில்லை. நம்மைப் போன்ற வெளிநாட்டுச் சேகரிப்பாளர்களின் கண்ணைக் கவர மாஸ்கோவில் அச்சான படம் அது. நாம் ஆசையாகத் தேடிப் பிடிப்பதும் அதைத்தான் என்பதை நானும் ஒப்புக்கொள்கிறேன். என் ஆல்பத்திலும் இருக்கிறது.

1944இல் நடந்ததற்கு வருகிறேன். ‘அவர்களே கேட்டுத்தானே சேர்ந்தார்கள்?’ என்று சங்க நண்பர் ஒருவர் வாதிட்டார். காகிதத்தில் அது சரி. ஆகஸ்ட் 17 அன்று துவாவின் சிறிய குரால் எனும் அவை சோவியத் ஒன்றியத்தில் சேர விண்ணப்பித்தது. அக்டோபர் 11 அன்று மாஸ்கோ அதை ஏற்றது. ஆனால் மக்களிடம் வாக்கெடுப்பு எதுவும் நடக்கவில்லை. அந்த அவையின் தலைவர் ஹெர்தெக் அஞ்சிமா, அரச குடும்பத்தில் பிறக்காமல் ஒரு நாட்டின் தலைமைப் பதவியை ஏற்ற முதல் பெண்மணி எனக் கருதப்படுபவர். ஆளும் கட்சியின் தலைவர் சல்சாக் தோகாவோ அவருடைய கணவர். நாடு போனபின்பும் தோகாவின் அதிகாரம் போகவில்லை. 1973இல் இறக்கும்வரை துவாவின் கட்சித் தலைமை அவரிடமே இருந்தது. துவாவுக்குத் தனிச் சோவியத் குடியரசு என்ற தகுதிகூடக் கிடைக்கவில்லை. ரஷ்யாவுக்குள் ஒரு தன்னாட்சி வட்டாரமாகவே அது சேர்க்கப்பட்டது. இரண்டாம் உலகப் போரில் சோவியத் ஒன்றியத்துக்குக் குதிரைகளும் தங்கமும் தொண்டர் படையும் அனுப்பிய கூட்டாளி நாடு, அந்தப் போர் முடிவதைத் தனி நாடாக இருந்து பார்க்கவில்லை.

சிறுவயதில் இதே அஞ்சல்தலைகளைச் சேர்த்த இயற்பியலாளர் ரிச்சர்ட் ஃபைன்மன், தன்னு துவா என்ன ஆயிற்று என்று கேட்டு, அங்கே போய்ப் பார்க்கப் பல ஆண்டுகள் முயன்று, அனுமதி வருமுன் 1988இல் காலமானார். அந்தக் கேள்வியைத்தான் அந்த மாணவனும் கேட்டான்.

‘மறைந்த’ என்ற சொல்லை நாம் மனிதர்களுக்கு மரியாதையாகப் பயன்படுத்துகிறோம். ஒரு நாட்டுக்குப் போடும்போதோ அது செயலைச் சொல்லிச் செய்தவரை விட்டுவிடுகிறது. ஆகவே உங்களைக் கேட்டுக்கொள்வது இவ்வளவே: துவாவின் அட்டையில், “1944 அக்டோபர் 11 அன்று, பொது வாக்கெடுப்பு இன்றி, சோவியத் ஒன்றியத்துடன் இணைக்கப்பட்டது, இன்று ரஷ்யக் கூட்டமைப்பில் ஒரு குடியரசு” என்ற வரியைச் சேருங்கள். சட்டகத்தின் தலைப்பையும் ‘இணைக்கப்பட்ட நாடுகள்’ என்று மாற்ற முடிந்தால் நல்லது. இடம் போதாது என்றால் ஒட்டக அஞ்சல்தலைகளில் ஒன்றைக் குறைத்துக்கொள்ளலாம். அட்டையை எழுதித் தர நான் தயார். அதன் அளவை மட்டும் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
ஒரு சேகரிப்பாளன்